விலை கொடுத்து வாங்கிய பாட்டு யாருடையது?

சென்ற கோடை விடுமுறையில் எங்கள் வீட்டுப் பரணைத் தூசி தட்டியபோது ஒரு பழைய பிஸ்கட் டப்பா கிடைத்தது. திறந்து பார்த்தால் உள்ளே பதினேழு ஒலிநாடாக்கள்! 1980-களில் என் தந்தையார் பாட்டுகளின் பட்டியலை ஒரு தாளில் எழுதி, கடைத்தெருவில் இருந்த மியூசிக் சென்டரில் கொடுத்து, ஒரு வாரம் காத்திருந்து பதிவு செய்து வாங்கியவை. இரண்டில் பூஞ்சை படர்ந்திருந்தது. ஒன்றில் நாடா அறுந்திருந்தது. மற்றப் பதினான்கும், பழைய டேப் ரிக்கார்டருக்குப் புது பெல்ட் போட்டபின், பாடின. ஒலி சற்று மங்கல்தான். பின்னணியில் ‘உஸ்’ என்ற இரைச்சல் வேறு. ஆனாலும் பாடின.

அதே வாரத்தில் இன்னொன்றும் நடந்தது. மாதச் சந்தா கட்டி நான் கைபேசியில் பாட்டுக் கேட்பவன். நானே தொகுத்து வைத்திருந்த பட்டியலில் நான்கு பாட்டுகளின் பெயர்கள் சாம்பல் நிறமாக மங்கிக் கிடந்தன. விரலால் தொட்டால் ஒன்றும் நிகழவில்லை. அந்தப் பாட்டுகள் இப்போது கிடைக்காது என்று ஒரு வரி மட்டும் தோன்றி மறைந்தது.

நாற்பது ஆண்டுகள் பரணில் வெந்து கிடந்த நாடா பாடுகிறது. இரைச்சலே இல்லாத, தேய்மானமே அறியாத எண்முறைப் பாட்டு மறைந்துபோகிறது. இது எப்படி? எங்கள் கல்லூரி மாணவர்களிடம் “எது அதிக நாள் நிலைக்கும், ஒலிநாடாவா, எண்முறைப் பதிவா?” என்று கேட்டால் தயங்காமல் எண்முறைப் பதிவு என்பார்கள். இயற்பியல்படி அவர்கள் சொல்வதில் பாதி சரி. மற்றப் பாதியைத்தான் நாம் இங்கே பார்க்கப் போகிறோம்.

பள்ளத்திலும் துகளிலும் இருந்த பாட்டு

இசைத்தட்டு ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். சுருள் வடிவில் ஒரு நீண்ட பள்ளம் ஓடுகிறது. அப்பள்ளத்தின் சுவர்கள் நெளிந்து நெளிந்து செல்கின்றன. பாடகரின் குரல் காற்றில் எழுப்பிய அலையின் வடிவமே அந்த நெளிவு. சுழலும் தட்டின் பள்ளத்தில் ஊசி ஓடும்போது அதே நெளிவின்படி அதிர்கிறது, அதிர்வு ஒலியாகிறது. மின்சாரம்கூடத் தேவையில்லை. ஒரு காகிதத்தைக் கூம்பாகச் சுருட்டி, நுனியில் தையல் ஊசியைச் செருகி, சுழலும் தட்டின்மேல் மெல்ல வைத்தால் கூம்பு பாடும். (கெட்டுப்போனாலும் பரவாயில்லை என்ற தட்டில் மட்டும் செய்யுங்கள். வீட்டில் அடி வாங்கினால் நான் பொறுப்பல்ல!)

ஒலிநாடாவில் பள்ளத்துக்குப் பதில் காந்தம். பிளாஸ்டிக் நாடாவின்மேல் பூசப்பட்ட இரும்பு ஆக்சைடுத் துகள்களின் காந்தத் திசையிலும் வலிமையிலும் அலையின் வடிவம் பதிந்திருக்கிறது.

1982-இல் விற்பனைக்கு வந்த குறுந்தட்டில் அலைக்குப் பதில் எண்கள். ஒலி அலையின் உயரத்தை ஒரு நொடிக்கு 44,100 தடவை அளந்து, ஒவ்வோர் அளவையும் பதினாறு இலக்கங்கள் கொண்ட ஈரடிமான எண்ணாக, அதாவது 0, 1 என்ற இரண்டே இலக்கங்களால் எழுதுகிறார்கள். இடம், வலம் என இரு வரிசைகள். ஆக நொடிக்கு 14,11,200 இலக்கங்கள். தட்டில் மிக நுண்ணிய குழிகளின் வரிசையாக இவை அமைந்திருக்கின்றன. ஒரு சுற்றுக்கும் அடுத்த சுற்றுக்கும் இடைவெளி 1.6 மைக்ரான்தான். நம் தலைமுடியின் பருமனுக்குள் இப்படிச் சில பத்துச் சுற்றுகளை அடக்கிவிடலாம். லேசர் ஒளி இவற்றைப் படிக்கிறது.

எண்ணாக எழுதியதால் ஒரு பெரிய நன்மை விளைந்தது. நாடாவிலிருந்து நாடாவுக்குப் படி எடுத்தால் ஒவ்வொரு முறையும் இரைச்சல் கூடும். எண்ணைப் படி எடுத்தால் 1 என்பது 1 ஆகவே இருக்கும். ஆயிரமாவது படியும் முதற்படியும் ஒன்றே. மாணவர்கள் சொல்வதில் சரியான பாதி இதுதான்.

இசைத்தட்டு, நாடா, குறுந்தட்டு மூன்றுக்கும் பொதுவான ஒன்றைக் கவனித்தீர்களா? பாட்டு ஒரு பொருளில் பதிந்திருக்கிறது. அந்தப் பொருள் உங்கள் அலமாரியில் இருக்கிறது. அதைப் பாட வைக்க விற்றவரின் அனுமதி வேண்டியதில்லை. அவர் கடையை மூடியிருந்தாலும் கவலையில்லை.

ஓடையில் வருவது

இன்று நாம் பாட்டும் படமும் பெறும் முறைக்கு ஸ்ட்ரீமிங் என்று பெயர். ஸ்ட்ரீம் என்றால் ஓடை. பொருத்தமான பெயர்தான். தொலைவில் உள்ள ஒரு பெரிய கணிப்பொறியில் (இதை சர்வர் என்கிறார்கள்) முழுப் படமும் இருக்கிறது. அது சில நொடி நீளமுள்ள சிறு துண்டுகளாக வெட்டி வைக்கப்பட்டிருக்கும். நீங்கள் பார்க்கத் தொடங்கியதும் துண்டுகள் ஒவ்வொன்றாக வருகின்றன. கைபேசி ஒரு சில துண்டுகளை முன்கூட்டியே வாங்கித் தற்காலிக நினைவகத்தில் வைத்துக்கொள்கிறது; காட்டி முடித்ததைக் கழித்துவிடுகிறது. படம் முடிந்தபின் பெரும்பாலும் உங்களிடம் எதுவும் மிஞ்சுவதில்லை.

வீட்டுக் கிணற்றுக்கும் தெருக்குழாய்க்கும் உள்ள வேறுபாடு இது. குழாய் வசதியானது, நீர் இறைக்க வேண்டாம், தூர் வார வேண்டாம். ஆனால் வால்வு இருக்கும் இடம் வேறு.

“நான் பாட்டைக் கைபேசியிலேயே இறக்கி வைத்திருக்கிறேனே, இணையம் இல்லாதபோதும் பாடுகிறதே!” என்று நீங்கள் கேட்கலாம். நல்ல கேள்வி. அங்கேதான் பூட்டு வருகிறது.

பூட்டும் சாவியும்

4719 என்ற எண்ணை ஒருவருக்கு மறைவாக அனுப்ப வேண்டும் என்று கொள்வோம். 3852 என்பது நமது இரகசியச் சாவி. ஒவ்வோர் இலக்கத்தையும் தனித்தனியே கூட்டுங்கள். பத்துக்கு மேல் போனால் மிச்ச இலக்கத்தை மட்டும் எழுதுங்கள். 4-உம் 3-உம் 7. 7-உம் 8-உம் 15, எழுதுவது 5. இப்படியே செய்தால் 7561 வரும். சாவி இல்லாதவருக்கு 7561 வெறும் குப்பை எண். சாவி உள்ளவர் அதே முறையில் கழித்தால் 4719 திரும்பக் கிடைக்கும். தாளில் போட்டுப் பாருங்கள்.

நாம் இறக்கி வைக்கும் பாட்டுகளும் படங்களும் இந்தக் கொள்கைப்படிதான், இதைவிடப் பன்மடங்கு சிக்கலான முறையில் மறைக்கப்பட்டுள்ளன. இங்கே வழக்கமான சாவி 128 ஈரடிமான இலக்கங்கள் கொண்டது. அப்படி எத்தனை சாவிகள் அமைய முடியும்? 2-ஐ 128 தடவை பெருக்குங்கள். விடை, 34-க்குப் பின் 37 சுழியங்கள் போட்டால் வருவதற்கு நெருங்கிய எண். நொடிக்கு ஒரு லட்சம் கோடி சாவிகளைச் சோதிக்கும் இயந்திரம் ஒன்றை நீங்கள் கட்டினாலும், அத்தனையையும் சோதித்து முடிக்க அண்டத்தின் வயதைப் போல் ஏறத்தாழ எண்பது கோடி மடங்கு காலம் ஆகும். அண்டத்தின் வயது 1,380 கோடி ஆண்டுகள் என்பதை நினைவில் கொள்ளுங்கள்.

ஆகவே உங்கள் கைபேசியில் கிடப்பது பாட்டன்று. பாட்டாக மாறக்கூடிய குப்பை எண்கள். அதைப் பாட்டாக்கும் சாவியைக் கம்பெனியின் சர்வர் அனுப்புகிறது. அச்சாவியோடு சில நிபந்தனைகளும் வருகின்றன: இந்தக் கருவியில் மட்டும், இந்தத் தேதிவரை மட்டும் என்று. தேதி முடிந்தால் கைபேசி மீண்டும் சர்வரைக் கேட்கும். சர்வர் ‘ஆம்’ என்றால் சாவி நீடிக்கும். ‘இல்லை’ என்றாலோ, பதில் சொல்ல சர்வரே இல்லை என்றாலோ, உங்கள் நினைவகத்தில் உள்ள ஒரு இலக்கமும் அழியாமல் இருக்கும்போதே பாட்டு இல்லாமல் போய்விடும்.

இது எனக்கு முதலில் விளங்கியபோது வியப்பாகவே இருந்தது. பொருள் சிதைந்தால் பதிவு சிதையும் என்றுதான் நாம் படித்திருக்கிறோம். இங்கே பொருள் சிதையவில்லை, பதிவு சிதையவில்லை. ஆனால் பாட்டு போய்விட்டது.

இரவோடு இரவாக மறைந்த புத்தகங்கள்

இது வெறும் கற்பனை அச்சம் என்று எண்ண வேண்டாம். அமெரிக்காவில் அமேசான் கம்பெனி ‘கிண்டில்’ என்ற மின்புத்தகக் கருவியை விற்கிறது. 2009 ஜூலையில் ஒரு நாள், அக்கருவி வைத்திருந்த பலர் தாங்கள் பணம் கொடுத்து வாங்கிய இரண்டு நூல்கள் தம் கருவியில் இல்லாததைக் கண்டனர். அந்த நூல்களைக் கடையில் வைத்த பதிப்பாளருக்கு அமெரிக்காவில் அவற்றை விற்கும் உரிமை இல்லை என்பது பிறகு தெரியவந்ததாம். கம்பெனி கடையிலிருந்து எடுத்ததோடு நிற்கவில்லை. வாங்கியவர்களின் கருவிகளிலிருந்தும் தொலைவிலிருந்தே அழித்துவிட்டது. பணம் திருப்பித் தரப்பட்டது உண்மை. ஆனால், கோடை விடுமுறைப் பாடத்துக்காக அந்நூலைப் படித்துப் பக்கந்தோறும் குறிப்பு எழுதி வைத்திருந்த ஒரு பள்ளி மாணவரின் குறிப்புகள் எந்த வரியைப் பற்றியவை என்று தெரியாமல் அனாதைகளாகிவிட்டன. அவர் வழக்குத் தொடர்ந்தார். கம்பெனித் தலைவர் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டார்.

அந்த நூல்கள் எவை தெரியுமா? ஜார்ஜ் ஆர்வெல் எழுதிய ‘விலங்குப் பண்ணை’, ‘1984’ ஆகியவை. பின்னதில், ஆள்வோருக்கு ஆகாத பழைய தாள்கள் ஒரு துளைக்குள் போடப்பட்டு எரிக்கப்படும். இந்தப் பொருத்தத்தை எந்தக் கதாசிரியராவது எழுதியிருந்தால் நாம் நம்பியிருக்க மாட்டோம்.

மைக்ரோசாப்ட் கம்பெனி 2019 ஏப்ரலில் தன் மின்புத்தகக் கடையை மூடியது. அங்கே வாங்கிய நூல்கள் எதுவும் அவ்வாண்டு ஜூலைக்குப் பிறகு திறக்காது என்று அறிவித்தது. சாவி தரும் சர்வர் நிறுத்தப்பட்டால் நூல் எப்படித் திறக்கும்? இங்கும் பணம் திரும்பியது. குறிப்பு எழுதி வைத்திருந்தவர்களுக்குக் கூடுதலாக 25 டாலர் தந்தார்கள். குறிப்புக்கு விலை உண்டு என்பதையாவது ஒப்புக்கொண்டார்களே!

ஸ்ட்ரீமிங்கில் நிலைமை இன்னும் எளிது. அங்கே திருப்பித் தரப் பணமும் இல்லை. டிஸ்னி கம்பெனி ‘வில்லோ’ என்ற தொடரைப் பெரும் செலவில் எடுத்து 2022 நவம்பர் இறுதியில் வெளியிட்டது. 2023 மே மாதம், அதாவது ஆறே மாதங்களில், செலவுக் கணக்கைக் காரணம் காட்டித் தன் ஓடையிலிருந்து நீக்கிவிட்டது. தட்டாக எதுவும் விற்பனைக்கு வராமலே அத்தொடர் மறைந்தது.

விற்றதா, வாடகைக்கு விட்டதா?

1908-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கைத் தீர்த்தது. ஒரு பதிப்பகம் தன் நாவலின் உள்ளே, இதை ஒரு டாலருக்குக் குறைத்து விற்கக் கூடாது என்று அச்சிட்டிருந்தது. நியூயார்க் கடை ஒன்று 89 சென்டுக்கு விற்றது. நூலை ஒருமுறை விற்றுவிட்டால் அந்தப் பிரதியின்மேல் பதிப்பகத்துக்கு இருந்த பிடி முடிந்தது என்று நீதிமன்றம் கூறியது. பழைய புத்தகக் கடைகளும் நூலகங்களும் அங்கே தலைநிமிர்ந்து நடப்பது இந்தக் கருத்தின்மேல்தான்.

எண்முறைக் கோப்புக்கும் இது பொருந்துமா? ரீடிஜி என்ற கம்பெனி, மக்கள் தாம் வாங்கிய பாட்டுக் கோப்பைப் பிறருக்கு விற்க வழி செய்தது. விற்றவரின் கணிப்பொறியில் பாட்டு அழிந்துவிடும், வாங்கியவரிடம் இருக்கும். நியாயமாகத்தானே தோன்றுகிறது? ஆனால் 2018-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. அதற்குச் சொன்ன காரணம் இயற்பியல் மாணவர்களுக்குச் சுவையானது. புத்தகம் கை மாறும்போது அதே தாள்கள்தாம் கை மாறுகின்றன. கோப்போ இடம் பெயர்வதே இல்லை. இங்குள்ள இலக்கங்களைப் போல் அங்கே புதிதாக இலக்கங்கள் உண்டாக்கப்படுகின்றன. பிறகு இங்குள்ளவை அழிக்கப்படுகின்றன. புதிதாக உண்டாக்குவது படி எடுப்பதாகும். படி எடுக்கும் உரிமை வாங்கியவருக்கு இல்லை. சட்டம் எப்படியோ, இயற்பியல் சரிதான் என்பதை நான் ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது.

பிற்பாடு கலிபோர்னியா மாநிலம் ஒரு சட்டம் இயற்றியது. திரும்பப் பெறத்தக்க உரிமத்தை மட்டும் கொடுத்துவிட்டு ‘வாங்குங்கள்’ என்ற பொத்தானைக் காட்டக் கூடாது. இது உரிமம்தான் என்று தெளிவாகச் சொல்ல வேண்டும். 2025 ஜனவரி 1 முதல் இது நடைமுறையில் உள்ளது. மறைவதை இச்சட்டம் தடுக்காது; மறையக்கூடும் என்று முன்கூட்டிச் சொல்ல வைக்கும், அவ்வளவே.

தனித்தனிப் படிகள்

இப்போது ஒரு சிறு கணக்கு. ஒரு பாட்டு நூறு வீடுகளில் நூறு நாடாக்களாக இருக்கிறது. நாற்பது ஆண்டுகளில் ஒரு நாடா கெட்டுப்போகும் வாய்ப்பு பாதிக்குப் பாதி என்று வைத்துக்கொள்வோம். மிக மோசமான பொருள் அல்லவா? ஆனால் பாட்டே அழிய வேண்டுமானால் நூறும் கெட வேண்டும். ஒரு வீட்டில் பூஞ்சை பிடிப்பதற்கும் இன்னொரு வீட்டில் நாடா அறுவதற்கும் தொடர்பில்லை. எனவே வாய்ப்புகளைப் பெருக்க வேண்டும்: அரையை நூறு தடவை. விடை, 1-ஐ 1-க்குப் பின் முப்பது சுழியங்கள் கொண்ட எண்ணால் வகுத்தது. அழியவே அழியாது என்று சொல்லிவிடலாம்.

அதே பாட்டு ஒரு கோடிக் கைபேசிகளில், ஒரே சர்வர் தரும் சாவியை நம்பி இருக்கிறது. படிகள் ஒரு கோடி. ஆனால் தனித்தனியே கெடக்கூடியவை அல்ல. சாவி நின்றால் எல்லாம் ஒரே நொடியில் நிற்கும். கணக்கில் அது ஒரே படிதான். பொருளின் தரத்தைவிடப் படிகளின் சுதந்திரம் முக்கியம் என்று கணக்கு சொல்கிறது.

இதற்கு வரலாற்றிலும் சான்று உண்டு. பிரிட்டிஷ் ஒலிபரப்புக் கழகமான பி.பி.சி. 1963 முதல் ‘டாக்டர் ஹூ’ என்ற அறிவியல் கற்பனைத் தொடரை ஒளிபரப்பியது. அந்நாளில் ஒளிநாடா விலை மிகுந்தது. ஆகவே பழைய பகுதிகளை அழித்து அதே நாடாவில் வேறு நிகழ்ச்சிகளைப் பதிந்தார்கள். முதல் ஆறு ஆண்டுகளில் வந்த 253 பகுதிகளில் ஏறத்தாழ நூறு பகுதிகளின் படம் இப்படி இல்லாமல் போயிற்று. ஆனால் அத்தனை பகுதிகளின் ஒலியும் இன்று இருக்கிறது! யார் காப்பாற்றினார்கள்? தொலைக்காட்சிப் பெட்டிக்கு அருகில் டேப் ரிக்கார்டரை வைத்துத் தம் ஆசைக்குப் பதிவு செய்துகொண்ட இரசிகர்கள். வெளிநாட்டு நிலையங்களுக்கு விற்ற பிலிம் படிகளும் அவ்வப்போது கிடைத்துவருகின்றன. தொலைந்துபோன ஒன்பது பகுதிகள் நைஜீரியாவில் ஜோஸ் நகரத்து நிலையத்தில் கிடைத்ததாக 2013-இல் அறிவித்தார்கள். லண்டனில் அழித்தவர்களின் கை ஜோஸ் வரை எட்டவில்லை.

நமக்கும் இது புதிதன்று. உ.வே. சாமிநாதையர் 1887-இல் சீவக சிந்தாமணியை அச்சிட முடிந்தது எதனால்? செல்லரித்தும் ஒடிந்தும் கிடந்தாலும், அதன் ஏடுகள் பல ஊர்களில், ஒருவரையொருவர் அறியாத பல வீடுகளில் இருந்தன. ஓர் ஏட்டில் இல்லாத அடி மற்றோர் ஏட்டில் இருந்தது. மாறாக 1931-இல் வந்த ‘காளிதாஸ்’ என்ற நம் முதல் பேசும் படத்துக்குப் படிகள் சிலவே இருந்திருக்கும். இன்று ஒன்றுகூட இல்லை.

அண்மைக்காலச் செய்தி ஒன்று. மைஸ்பேஸ் என்ற தளத்தில் உலகெங்கும் உள்ள இளம் இசைக்கலைஞர்கள் தம் பாட்டுகளை ஏற்றி வந்தனர். 2003 முதல் 2015 வரை ஏற்றிய அனைத்தும், சர்வர் மாற்றும் வேலையில் போய்விட்டன என்று 2019-இல் வெளிவந்தது. ஐந்து கோடிப் பாட்டுகள் இருக்கலாம் என்று செய்திகள் கூறின. பலர் வீட்டில் வேறு படி வைத்துக்கொள்ளவில்லை. ‘அங்கேதான் இருக்கிறதே’ என்று இருந்துவிட்டார்கள். பிறகு, தம் ஆய்வுக்காக முன்னரே ஒரு பகுதியைப் படி எடுத்து வைத்திருந்த சில ஆய்வாளர்களிடமிருந்து ஏறத்தாழ 4,90,000 பாட்டுகள் மீண்டன. நூற்றுக்கு ஒன்று!

நீங்களே செய்து பாருங்கள்

ஸ்ட்ரீமிங்கே கூடாது என்பது என் கட்சி அன்று. ஒரு குறுந்தட்டின் விலைக்குள் ஒரு மாதம் முழுவதும் உலக இசையைக் கேட்க முடிகிறது. என் மாணவன் ஒருவன் மலையடிவாரக் கிராமத்தில் இருந்துகொண்டு பீத்தோவனைக் கேட்கிறான். என் தந்தையார் காலத்தில் இது நடக்காது. ஆனால் குழாய் இருப்பதால் கிணற்றை மூட வேண்டுமா என்பதை அவரவர் எண்ணிப் பார்க்கலாம். பூட்டில்லாத கோப்புகளாகப் பாட்டும் நூலும் விற்போர் இன்னும் இருக்கிறார்கள். அவற்றை வாங்கினாலும் ஒரே கருவியில் வைக்காதீர்கள். வன்தட்டும் ஒருநாள் நின்றுபோகும். ஒரு படி உங்களிடம், ஒன்று வேறு கருவியில், ஒன்று வேறு ஊரில் உள்ள அண்ணன் வீட்டில் இருக்கட்டும்.

ஒரு சோதனை. உங்களுடையவை என்று நீங்கள் எண்ணும் பத்துப் பாட்டுகளையோ படங்களையோ நூல்களையோ எழுதிக்கொள்ளுங்கள். கைபேசியின் இணைப்பு முழுவதையும் அணையுங்கள். எத்தனை திறக்கின்றன? அவற்றுக்கு எதிரே ஒரு கோடு போடுங்கள். அடுத்து, திறந்தவற்றின் கோப்புகளை ஒரு பென்டிரைவில் எடுத்து, இணையமே இல்லாத வேறொரு கணிப்பொறியில் திறந்து பாருங்கள். அங்கும் திறந்தவற்றுக்கு இரண்டாவது கோடு. இரண்டு கோடுகள் பெற்றவை மட்டுமே உங்கள் கையில் உள்ளவை.

நான் செய்தபோது முதல் சோதனையில் எட்டுத் தேறின, இரண்டாவதில் மூன்று. மறுநாளே டேப் ரிக்கார்டரின் இயர்போன் துளையிலிருந்து கணிப்பொறிக்கு ஒரு ஒயர் போட்டு, பரணில் கிடைத்த நாடாக்களைக் கோப்புகளாக மாற்றத் தொடங்கினேன். ஒரு மணி நேர நாடாவுக்கு ஒரு மணி நேரம் உட்கார்ந்தே தீர வேண்டும், விரைவுபடுத்த வழியில்லை. இதுவரை ஐந்து முடிந்திருக்கின்றன.